ஹார்வி அத்தான் சமைத்த புதன்கிழமை

என் வீட்டுக்காரர் விஷக் காய்ச்சலில் பதினோரு நாள் படுத்திருந்தபோது, ஹார்வி அத்தான் தினமும் விடிந்ததும் எங்கள் கடைக்கு வந்தார். கத்தியைத் தீட்டினார், அன்றைக்கு விற்க வேண்டிய கறியை வெட்டித் தட்டில் அடுக்கினார், கட்டையைச் சுரண்டி உப்புப் போட்டுத் துடைத்தார், தன் கடையைத் திறக்கப் போய்விட்டார். ஒரு வாய் தேநீர்கூடக் குடிக்கவில்லை. அவர் மனைவிக்கே தெரியாது. பன்னிரண்டாம் நாள் என் வீட்டுக்காரர் எழுந்து உட்கார்ந்தார். அத்தான் வருவது நின்றது. அதைப் பற்றி அவர் பிறகு ஒரு வார்த்தை பேசியது கிடையாது.

இதை முதலில் எழுதிவிட வேண்டும் என்று ஜெபம் பண்ணி முடிவு செய்தேன். ஏனென்றால் இனி அவரைப் பற்றி நான் எழுதப் போவதில் இப்படி ஒன்றும் கிடையாது. தேடிப் பார்த்துவிட்டேன்.

ஹார்வி பாங் என் வீட்டுக்காரரின் பெரியப்பா மகன். மிசிசிப்பியின் பருத்திக் காட்டு ஊர்களில் மளிகைக் கடை வைத்திருந்த எங்கள் சீனக் குடும்பங்களிலேயே கழுத்தில் டை கட்டிக்கொண்டு மாட்டுக்கறி வெட்டிய ஒரே ஆள் அவர்தான். டையில் இரத்தம் தெறிக்காமலிருக்க அதன் நுனியைச் சட்டைப் பொத்தான்களுக்கு நடுவே செருகிக்கொள்வார். கடைக்கு வருகிறவர்கள் எல்லாரும் கறுப்பின மக்கள்; பருத்திக் காட்டிலிருந்து நேராக வருகிறவர்கள். அவர்களுக்காகவா டை கட்டினார்? வருஷத்துக்கு நான்கு முறை ஏதாவது ஒரு வெள்ளைக்காரர் வழி கேட்கவோ சுருட்டு வாங்கவோ கடைக்குள் நுழைவார். அந்த நான்கு முறைக்காக முந்நூறு நாள் கழுத்தை இறுக்கிக்கொண்டு நின்ற மனிதர் அவர்.

வெள்ளைக்காரர் வந்துவிட்டால் வரிசையில் நிற்கிற கிழவியை அப்படியே விட்டுவிடுவார். குரல் மாறிவிடும். எங்களிடம் பேசும்போது தகர டப்பா உருட்டுவது போலிருக்கும் குரல், அவர்களிடம் பேசும்போது வெண்ணெயாக உருகும். அவர்கள் வேடிக்கை சொல்ல ஆரம்பித்தால் பாதியிலேயே சிரித்துவிடுவார். முடிவில் சிரிக்க வேண்டிய இடம் வரும்போது மூச்சு மிச்சமிருக்காது.

எங்கள் சீன பாப்டிஸ்ட் சபையில் எல்லாரும் எங்கள் ஊர்ப் பேச்சிலேயே ஜெபம் பண்ணுவோம். அத்தான் மட்டும் இங்கிலீஷில்தான். கர்த்தருக்கு வேறு பாஷை தெரியாது என்று யாரோ அவருக்குச் சொல்லியிருக்க வேண்டும்.

அவர் மனைவி லாய்குன் அக்கா. ஊரிலிருந்து வந்து பத்தொன்பது வருஷமாகக் கடைக்குப் பின்னாலிருந்த இரண்டு அறைகளில் குடியிருந்தாள். ஐந்து பிள்ளைகளையும் அங்கேதான் பெற்றாள். நாங்களும் கடைக்குப் பின்னால்தான் குடியிருந்தோம். எல்லாச் சீனக் கடைக்காரர்களும் அப்படித்தான். ஆனால் எங்கள் பின்னறைக்கு ஒரு ஜன்னல் இருந்தது. அக்காவின் சமையலறைக்கு அதுவும் கிடையாது. ஒரு பக்கம் சோப்புப் பெட்டி, ஒரு பக்கம் தீவன மூட்டை, நடுவில் அடுப்பு. பகலிலும் விளக்கெரிய வேண்டும். கடை வாசல் மணி அடித்தால் கரண்டியைப் போட்டுவிட்டு ஓட வேண்டும்.

"எனக்கு ஒண்ணும் வேணாம்டி. கழுவுற தொட்டிக்கு மேல ஒரு ஜன்னல். கையில பாத்திரம், கண்ணுல ஒரு மரம். அவ்வளவுதான். இதைக்கூடவா கர்த்தர் கணக்குல பேராசைன்னு எழுதுவார்?" என்று என்னிடம் கேட்பாள்.

ஐம்பத்தெட்டாம் வருஷம் கோடையில் வால்நட் தெருவில் ஒரு மஞ்சள் வீடு விலைக்கு வந்தது. வெள்ளைக்காரத் தெரு. விற்கிறவருக்கு ஆட்சேபம் இல்லை. ஆனால் தெருவிலுள்ள மற்றவர்கள் சம்மதிக்க வேண்டும். அதுதான் அந்த ஊர் வழக்கம். ஒரே ஒரு வீட்டுக்காரர் முகம் சுளித்தாலும் பேச்சு முடிந்தது. அத்தான் ஒரு ஞாயிற்றுக்கிழமை அக்காவையும் பிள்ளைகளையும் காரில் ஏற்றிக்கொண்டு போய் அந்த வீட்டைக் காட்டினார். காட்டினார் என்றால், காரை நிறுத்தவில்லை. வேகத்தைக் கொஞ்சம் குறைத்தார். "யாரும் கையை நீட்டிக் காட்டக் கூடாது" என்று முன்பே சொல்லிவிட்டார். ஓடுகிற காரிலிருந்து அக்கா பார்த்துவிட்டாள்: சமையலறை ஜன்னல், அதற்கு வெளியே ஓர் அத்திமரம். அந்த ஒரு பார்வையை வைத்துக்கொண்டு இரண்டு மாதம் வாழ்ந்தாள். எந்தப் பிள்ளை எந்த அறையில் என்றுகூடப் பிரித்துவிட்டாள்.

அந்தத் தெருவில் முக்கியமானவள் திருமதி ஹேக்கட். எங்கள் சபைப் பிள்ளைகளுக்கு ஓய்வுநாள் பள்ளி நடத்த வருகிற வெள்ளைக்கார அம்மாள். நல்லவள்தான், தன்னை நல்லவள் என்று ஒரு நாளைக்குப் பத்துத் தடவை தனக்கே சொல்லிக்கொள்கிறவள். ஒருநாள் ஆராதனை முடிந்ததும் கையில் ஒரு பத்திரிகையோடு வந்தாள். அதில் மாட்டுக்கறியும் குடைமிளகாயும் போட்டுப் பிரட்டிய சீனச் சமையலின் வண்ணப்படம்.

"ஹார்வி, எங்க மகளிர் சங்கத்துக்காரங்க எல்லாம் இதைக் கத்துக்கணும்னு துடிக்கிறாங்க. உங்க சீன ஆம்பளைங்க எல்லாருமே சமையல்காரங்கதானே?"

அத்தான் இங்கிலீஷில் சிரித்தார். "ஆமாம்மா. பிறவியிலேயே."

"அப்போ வர்ற புதன்கிழமை எங்க வீட்டு அடுப்புல செஞ்சு காட்டுங்களேன். நம்ம தெருப் பொம்பளைங்க எல்லாரும் வருவாங்க."

நம்ம தெரு என்றாள். அத்தான் காதில் அந்த வார்த்தை விழுந்த விதத்தை நான் பார்த்தேன். காதுமடல்கூடச் சிவந்துவிட்டது.

கல்யாணமான நாள் முதல் அந்த மனிதர் ஒரு முட்டை அவித்தது கிடையாது. அரிசி எத்தனை தடவை கழுவுவது என்று கேட்டால் சோப்பு எங்கே என்று கேட்பார்.

அந்தப் பிரட்டல் எங்கள் வீடுகளில் ஒரு பெரிய சமாசாரமே இல்லை. விற்றது போக மிஞ்சிய ஓரத்துக் கறி, தோல் சுருங்கி இனி யாரும் வாங்க மாட்டார்கள் என்று ஒதுக்கிய குடைமிளகாய், இரண்டையும் வைத்துச் சனிக்கிழமை சாயங்காலம் செய்வது. கடைக்கார வீட்டில் பிறந்த பிள்ளைகள் எல்லாம் அதைத் தின்றே வளர்ந்தவை. அக்கா கைக்கு அது இன்னும் நன்றாக வரும். கறியைக் குளிர்பெட்டியில் பாதி இறுக வைத்து, நார் ஓடும் திசைக்குக் குறுக்கே காகிதம்போலச் சீவுவாள். சோயா சாஸ், துளி சர்க்கரை, ஒரு கரண்டி சோளமாவு, கடைசியில் எண்ணெய் விட்டுப் பிசைந்து வைப்பாள். சட்டி புகைய வேண்டும். கறியைக் கொஞ்சம் கொஞ்சமாகப் போட்டு நிறம் மாறியதும் எடுத்துவிடுவாள். அப்புறம் இஞ்சி, பூண்டு, உப்பில் புளிக்க வைத்த கறுப்புப் பயறு, மிளகாய். மிளகாய் பச்சை மாறுவதற்குள் கறி மறுபடி உள்ளே போகும். தண்ணீரில் கரைத்த மாவை ஒரு சுற்று விட்டால் எல்லாம் பளபளவென்று வந்துவிடும். பேசிக்கொண்டே செய்துவிடுவாள்.

"இன்னும் மூணு நாள் இருக்கு. தினம் ஒரு தடவை செஞ்சு பழகிடுங்க. நான் பக்கத்துல நிக்கிறேன்" என்றாள் அக்கா.

"எனக்கா? மாட்டுக்கறியைப் பத்தி எனக்கு நீ சொல்லித் தர்றியா? இருபத்தஞ்சு வருஷமா மாடு வெட்டுறவன் நான்."

"வெட்டுறது வேற, வேக வைக்கிறது வேறங்க."

"உன் ஓரத்துக் கறியையும் அழுகின மிளகாயையும் அந்த அம்மாளுங்க முன்னாடி நீட்டச் சொல்றியா? முதுகுக் கறி எடுத்துட்டுப் போறேன். விரல் தடிமன்ல வெட்டினாத்தான் பாக்குறவங்களுக்கு மதிப்பு. அந்தக் கறுப்புப் பயறை வீட்டை விட்டு வெளிய எடுக்காதே. செத்த எலி நாத்தம்."

பத்தொன்பது வருஷமாக அந்த எலியைத்தான் நக்கி நக்கிச் சாப்பிட்டார்.

பழகவில்லை. அந்த மூன்று நாளும் அவர் கவலைப்பட்டதெல்லாம் தொப்பிக்காகத்தான். பெரிய ஓட்டல் சமையல்காரர்கள் போடுவது போல உயரமான வெள்ளைத் தொப்பி வேண்டும் என்று அக்காவைப் பிடுங்கினார். அவள் கோதுமை மாவு வந்த துணிப்பையைப் பிரித்துத் தைத்துக் கொடுத்தாள். எவ்வளவு வெளுத்தும் மாவு ஆலையின் நீல எழுத்து முழுதாகப் போகவில்லை. அதைப் பின்பக்கம் வரும்படி போட்டுக்கொண்டார்.

புதன்கிழமை காய் நறுக்க அக்காவையும், சாமான் சுமக்க என்னையும் கூட்டிப் போனார். காரில் ஏறும்போது அக்காவிடம், "சிரிக்காதே, அந்தத் தங்கப் பல்லு தெரியும்" என்றார். அவள் எங்கே சிரிக்கப் போனாள்?

திருமதி ஹேக்கட்டின் சமையலறை எங்கள் கடையளவு இருந்தது. தொட்டிக்கு மேல் ஜன்னல். அக்கா உள்ளே நுழைந்ததும் நேராக அங்கே போய் நின்றுவிட்டாள். வெளியே ஏதோ பூச்செடி. அவள் ஏப்ரன் நாடாவை அவிழ்த்தாள். நாடாவின் ஒரு முனையை ஜன்னல் சட்டத்தில் வைத்து, மறு பக்கம் வரை இழுத்து, அங்கே ஒரு முடிச்சுப் போட்டாள். பிறகு தொட்டியிலிருந்து மேலே பிடித்து இன்னொரு முடிச்சு. புது இடம், எதையாவது பிடித்துக்கொள்ளத் தோன்றுகிறது போலும் என்று நினைத்தேன்.

ஏழு பெண்கள் நாற்காலி போட்டு உட்கார்ந்திருந்தார்கள். மூலையில் அந்த வீட்டுச் சமையல்காரி ஓசெல்லா கைகட்டி நின்றாள். ஐம்பது வயது கறுப்பினப் பெண். எங்கள் கடையில் சாமான் வாங்குகிறவள்தான். அவளுடைய அடுப்பை இன்றைக்கு ஒரு டைகட்டியவனுக்கு விட்டுக்கொடுக்க வேண்டியிருக்கிறது. அவள் முகத்தில் எதையும் படிக்க முடியவில்லை.

"கூட வந்திருக்கிறவங்க யாரு ஹார்வி?" என்று திருமதி ஹேக்கட் கேட்டாள். சபையில் பிள்ளைகளைத் தவிர, எங்கள் பெண்களின் முகமெல்லாம் அவளுக்கு ஒன்றுதான்.

அத்தானின் கண் அக்காவின் மேல் போயிற்று. வெடித்த கை, கடைத் துணியில் தைத்த கவுன், தங்கப் பல். அதிலிருந்து அந்த ஏழு பேரின் கையுறைகளுக்குப் போயிற்று.

"உதவிக்கு இருக்கிறவங்கம்மா" என்றார்.

எனக்கு அவ்வளவு இங்கிலீஷ் புரியும். அக்காவுக்கும் புரியும். அவள் குடைமிளகாயைக் கழுவ ஆரம்பித்தாள்.

அப்புறம் நடந்ததைச் சமையல் என்று சொன்னால் அடுப்புக்குப் பாவம். அது மின்சார அடுப்பு. சுருள் கம்பி சிவந்து எரிகிற வகை. எங்கள் வாணலிக்கு அடி உருண்டை. வைத்ததும் குழந்தைத் தொட்டில் மாதிரி ஆடியது. அத்தான் ஒரு கையால் அதைப் பிடித்துக்கொண்டார். சூடு ஏறவில்லை. ஏறாத சட்டியில் விரல் தடிமனில் வெட்டிய கறி முழுவதையும் ஒரே தடவையாகக் கொட்டினார். கறி ஒரு நிமிஷம் என்ன செய்வது என்று யோசித்தது. பிறகு தண்ணீர் விட ஆரம்பித்தது. பொரிய வேண்டியது கொதித்தது. சாம்பல் நிறத்தில் நுரை கட்டியது.

"இப்படித்தான் வருமா ஹார்வி?" என்று ஓர் அம்மாள் கழுத்தை நீட்டிக் கேட்டாள்.

"இது எங்க நாட்டு இரகசியம்மா" என்றார் அத்தான். தொப்பிக்கடியிலிருந்து வியர்வை மூக்கில் இறங்கியது.

தண்ணீரைப் பார்த்துப் பயந்து, சோளமாவைக் கரைக்காமல் பொடியாகவே அள்ளிப் போட்டார். அது உள்ளே போய்ப் பசைபோலக் கட்டிகட்டியாக உருண்டது. கிண்டினார். வாணலி சாய்ந்தது. குழம்பு கம்பியில் கொட்டிப் புகை எழும்பியது. ஒரு பெண் இருமினாள். இரண்டு பேர் ஒருவரை ஒருவர் பார்த்துக்கொண்டார்கள். ஹேக்கட் அம்மாள் தன் நல்ல மனதை முழுவதும் திரட்டி, "வாசனை ரொம்பப் புதுசா இருக்கு" என்றாள்.

அத்தான் திரும்பி எங்கள் பாஷையில் பல்லிடுக்கில் சொன்னார்: "ஏதாவது பண்ணு."

"யாரு, உதவிக்கு இருக்கிறவளா?" என்றாள் அக்கா, குனிந்தபடியே.

"லாய்குன்!"

அக்கா கையைத் துடைத்துக்கொண்டாள். அத்தானைத் தோளால் ஓரம் தள்ளினாள். தட்டை அடியுள்ள சட்டி வேண்டுமென்று கையால் காட்டுவதற்குள், மூலையிலிருந்து ஓசெல்லா வந்து தன் கனமான இரும்புச் சட்டியை அடுப்பில் 'ணங்' என்று வைத்தாள். கம்பியின் சூட்டை முழுதாக முறுக்கிவிட்டாள். ஓசெல்லா பழையபடி மூலைக்குப் போய்க் கைகட்டி நின்றாள். ஆனால் இப்போது அவள் முகத்தைப் படிக்க முடிந்தது.

அக்கா தன் கூடையிலிருந்து ஒரு பொட்டலத்தை எடுத்தாள். வீட்டிலேயே சீவிப் பிசைந்து கொண்டு வந்த ஓரத்துக் கறி. சட்டி புகையும் வரை அசையாமல் நின்றாள். அந்த அம்மாள்களும் தங்களை அறியாமல் பேச்சை நிறுத்தினார்கள். பிறகு ஒரு பிடி கறி. 'சுர்' என்றது அறை முழுக்க. எடுத்தாள். இன்னொரு பிடி. அந்தக் கறுப்புப் பயறையும் கவுன் பையிலிருந்து எடுத்து நசுக்கிப் போட்டாள். எல்லாம் முடிய ஐந்து நிமிஷம் ஆகவில்லை.

அவர்கள் தின்றார்கள். தட்டை வழித்தார்கள். அந்தக் கறுப்பாக இருப்பது என்ன, எங்கே கிடைக்கும் என்று கேட்டார்கள். அத்தான் தொப்பியைச் சரிசெய்துகொண்டு, "அது நான் சேர்க்கிற மசாலாம்மா" என்றார்.

"ஹார்வி, இவளை எங்கே பிடிச்சீங்க?" என்று ஹேக்கட் அம்மாள் கையைத் தட்டினாள். "எங்களுக்கு ஒரு உபகாரம் பண்ணுங்க. வியாழக்கிழமை ஓசெல்லாவுக்கு லீவு. அன்னிக்கு இவளை இங்க அனுப்புங்களேன்!"

மனிதனாகப் பிறந்த எவனுக்கும் அந்த இடத்தில் நாக்கு இருந்திருக்கும். அத்தானுக்கும் இருந்தது. "ஏற்பாடு பண்றேன்மா" என்றார்.

அக்கா கரண்டியைக் கீழே வைத்தாள். நிமிர்ந்து, தன் சொற்ப இங்கிலீஷைப் பொறுக்கி எடுத்து, நிதானமாகச் சொன்னாள்: "வியாழக்கிழமை வர முடியாது. அன்னிக்கு இவரோட அஞ்சு பிள்ளைக்கும் இவருக்கும் நான் சோறு ஆக்கணும். இவர் என் புருஷன்." சொல்லிவிட்டுத் தங்கப் பல் தெரியச் சிரித்தாள்.

ஹேக்கட் அம்மாளின் கை வாய்க்குப் போயிற்று. அப்போது ஒரு சத்தம் கேட்டது. அத்தான் சிரித்தார். அவள் ஏதோ வேடிக்கை சொன்னாள் என்பது போல, தலையை ஆட்டி ஆட்டி, அந்த அம்மாள்களையும் சிரிக்கச் சொல்லிக் கெஞ்சுகிற மாதிரிச் சிரித்தார். யாரும் சேர்ந்துகொள்ளவில்லை. ஓசெல்லா மட்டும் மூலையில் தொண்டையைக் கனைத்தாள். அவள் ஜெபவீட்டில் நல்ல பாட்டுக்காரி; அந்தக் கனைப்பில் ஒரு பல்லவி இருந்தது.

வெள்ளிக்கிழமை அத்தான் அறிவித்தார்: மஞ்சள் வீடு கிடையாது.

"உன்னாலதான்! ஒரு வார்த்தையை விழுங்கியிருந்தா இப்போ வால்நட் தெருவுல இருப்போம். அஞ்சு பிள்ளைங்க வாழ்க்கையைக் கெடுத்துட்டே" என்று பிள்ளைகள் முன்னால் கத்தினார். ஞாயிற்றுக்கிழமை சபையில் ஒவ்வொருவரையாகப் பிடித்துச் சொன்னார். இங்கிலீஷில் அல்ல, இதற்கு மட்டும் எங்கள் பாஷையில். எங்கள் சபைப் பெண்கள் தலையாட்டினார்கள். "வாயைக் கட்டியிருக்கலாம் அவ", "பொம்பளைக்கு இவ்வளவு ரோஷம் எதுக்கு?" என்று என் காதுபடப் பேசினார்கள். மூத்த மகள் ஒரு வாரம் தாயோடு பேசவில்லை. அக்கா கடைசி வரிசையில் போய் உட்கார ஆரம்பித்தாள்.

இரண்டு வாரம் கழித்து ஓசெல்லா எங்கள் கடைக்குச் சோப்பு வாங்க வந்தாள். நான் அந்த வீட்டுப் பேச்சை எடுத்தேன்.

"எந்த வீடு? அந்த மஞ்சள் வீடா?" என்றாள். "அதைப் பல் டாக்டருக்குக் கொடுத்து முடிச்சாச்சேம்மா. நீங்க சமைக்க வந்தீங்களே, அதுக்கு முந்தின திங்கட்கிழமையே."

"திங்கட்கிழமையா?"

"எங்க ஹேக்கட் அம்மா கடுதாசி எழுதி என் கையிலதானே கொடுத்தனுப்பினாங்க, ரொம்ப வருத்தம், ஆனா புதன்கிழமைச் சமையலுக்கு மறக்காம வந்துடுங்கன்னு. நான்தான் உங்க மச்சாண்டார் கையில கொடுத்தேன். நின்னுகிட்டே படிச்சார். படிச்சுட்டு எனக்கு நன்றி வேற சொன்னார். அதுக்கு முன்னாடி என்கிட்ட நன்றின்னு அவர் சொன்னதே கிடையாதும்மா. அதனால ஞாபகம் இருக்கு."

அவள் போன பிறகு நான் கல்லாவுக்குப் பின்னால் உட்கார்ந்துவிட்டேன். வீடு போய்விட்டது என்று திங்கட்கிழமையே தெரியும். தெரிந்தும், வெள்ளைக்கார அம்மாள் கூப்பிட்டதை மறுக்கத் துணிவில்லாமல், மாவுப்பைத் தொப்பியைப் போட்டுக்கொண்டு போய்க் குரங்காட்டம் ஆடியிருக்கிறார். மனைவியை வேலைக்காரி என்று சொல்லியிருக்கிறார். ஒன்றும் கிடைக்காத இடத்தில், ஒன்றும் கிடைக்காது என்று தெரிந்தே. பிறகு பழியை அவள் தலையில் இறக்கிவிட்டுச் சபையில் ஜெபமும் பண்ணியிருக்கிறார். யூதாஸாவது கடைசியில் வெட்கப்பட்டான்.

சொல்வதா வேண்டாமா என்று இரண்டு நாள் ஜெபித்தேன். மூன்றாம் நாள் போய் அக்காவிடம் சொல்லிவிட்டேன்.

அவள் தீவன மூட்டையின் மேல் உட்கார்ந்து பீன்ஸ் கிள்ளிக்கொண்டிருந்தாள். கை நிற்கவில்லை.

"தெரியும்டி."

"எப்படி?"

"அந்த மனுசன் சட்டையைத் துவைக்கிறவ யாரு? செவ்வாய்க்கிழமை பையில கடுதாசி இருந்துச்சு. ரெண்டாவது மகளைப் படிக்கச் சொன்னேன். யார்கிட்டயும் சொல்லக் கூடாதுன்னு சத்தியம் வாங்கினேன்."

"தெரிஞ்சுமா அங்க வந்தே? தெரிஞ்சுமா சமைச்சே?"

"வந்தேன். அந்த மாதிரி ஒரு சமையக்கட்டுக்குள்ள இனிமே யாரு என்னைக் கூப்பிடப் போறா? ஜன்னல் எவ்வளவு அகலம் வைக்கிறாங்க, தொட்டியிலேருந்து எவ்வளவு உசரம்னு பாக்கணும்ல?" கிள்ளிய பீன்ஸைச் சட்டியில் போட்டுவிட்டு, ஏப்ரன் நாடாவைத் தூக்கிக் காட்டினாள். இரண்டு முடிச்சுகளும் அவிழாமல் இருந்தன.

"சபையில எல்லார்கிட்டயும் சொல்லிடவா அக்கா?"

"எதுக்கு? அவரு கத்திட்டுப் போகட்டும். பிள்ளைங்களுக்கு நானே சொல்லிட்டேன். பெரியவ நேத்து என் மடியில வந்து படுத்துக்கிட்டா. எனக்கு அது போதும்."

அந்த மாதமே அவள் ரூபன் ஐயாவைக் கூப்பிட்டாள். கடைக்கு வருகிறவர், கறுப்பினச் சபையில் மூப்பர், நல்ல தச்சர். ஒரு சனிக்கிழமை காலையில் சோப்புப் பெட்டிகளை நகர்த்திவிட்டு ரம்பத்தைப் பலகைச் சுவரில் வைத்தார்கள். அத்தான் கறி வெட்டுகிற கத்தியோடு உள்ளே ஓடி வந்தார்.

"என்னடி பண்றே? சுவரை அறுக்கிறியா? சந்துல போறவன் எல்லாம் நாம எப்படி இருக்கோம்னு பாப்பானே!"

"பாக்கட்டும். சந்துல போறவங்கதான் நமக்குச் சோறு போடுறாங்க."

"ரூபன், நிறுத்து!"

ரூபன் ஐயா ரம்பத்தை நிறுத்தாமல், "அம்மா நிறுத்தச் சொன்னா நிறுத்துறேன் சார்" என்றார்.

மரம் ஒன்றும் கிடையாது. சந்து, துணிக்கொடி, எதிர்வீட்டு நாய். அக்கா அதைத்தான் பார்த்துக்கொண்டு பதினைந்து வருஷம் பாத்திரம் கழுவினாள். வாசலில் மணி அடித்தால், ஜன்னல் வழியாகவே "வந்துட்டேன், வந்துட்டேன்" என்று கத்துவாள். போகிற வருகிறவர்கள் அங்கே நின்று பேசுவார்கள். ஓசெல்லா வியாழக்கிழமை லீவில் வந்து வெளியே ஒரு பெட்டியைப் போட்டு உட்கார்ந்துவிடுவாள். அவர்கள் இரண்டு பேரும் எந்தப் பாஷையில் பேசிக்கொண்டார்கள் என்று எனக்கு இன்றைக்கும் தெரியாது.

பிறகு காலம் மாறியது. சட்டம் மாறியது. எங்கள் ஆட்கள் எந்தத் தெருவிலும் வீடு வாங்கலாம் என்றானது. அறுபத்தொன்பதில் அத்தான் வால்நட் தெருவில் ஒரு வீட்டை வாங்கியே விட்டார். அப்போது வெள்ளைக்காரர்கள் ஊருக்கு வெளியே புதுத் தெருக்களுக்கு மூட்டை கட்டிக்கொண்டிருந்தார்கள். ஹேக்கட் அம்மாள் இறந்துபோயிருந்தாள். பாதித் தெரு காலி. அத்தான் அதைக் கவனித்ததாகத் தெரியவில்லை. அவர் வாங்கியது வீட்டை அல்ல, தெருவின் பெயர்ப் பலகையை.

அக்கா போகவில்லை. "எனக்கு இங்க வேலை இருக்கு" என்று ஒரே வரியில் முடித்துவிட்டாள். பிள்ளைகளும் தாயோடு இருந்தார்கள், இருந்து படித்து வெளியூர் போனார்கள். அத்தான் அந்தப் பெரிய வீட்டில் தனியாகப் படுத்தெழுந்தார். தினமும் ஐந்து மணிக்குச் சாப்பாட்டுக்கு மட்டும் கடைக்கு வருவார். அக்கா தட்டில் போட்டுக் கொடுப்பாள். டையைச் சட்டைக்குள் செருகிக்கொண்டு முள்கரண்டியால் தின்பார். சோறு பாதி மேசையில் சிந்தும். அதை அக்கா துடைத்துவிடுவாள். அவளுக்கு அவர்மேல் கோபம்கூட இல்லை. கோபப்படுவதற்கும் அங்கே ஓர் ஆள் இருக்க வேண்டும்.

எழுபத்து நான்காம் வருஷம் நாங்கள் கடையை மூடிவிட்டு ஹியூஸ்டனில் மகனோடு இருக்கப் புறப்பட்டோம். அக்காவிடம் அழுது முடித்துவிட்டு, மரியாதைக்காக வால்நட் தெருவுக்கும் போனோம்.

பகல் பதினொரு மணி. திரைகளெல்லாம் இழுத்து மூடியிருந்தன. அத்தான் டை கட்டியிருந்தார். தன் சொந்த வீட்டில், சொந்த நாற்காலியில், குரலைத் தாழ்த்தித் தாழ்த்திப் பேசினார். என் வீட்டுக்காரர் ஒரு தடவை உரக்கச் சிரித்தபோது விரலை உதட்டில் வைத்தார். நாற்காலிகளின் மேல் போட்டிருந்த கண்ணாடிக் காகிதம் இன்னும் கிழிக்கப்படவில்லை. சமையலறையை எட்டிப் பார்த்தேன். அடுப்பில் கடைக்காரன் ஒட்டிய சீட்டு அப்படியே இருந்தது.

எங்களுக்காக நின்று ஜெபம் பண்ணினார், இங்கிலீஷில். ஆமென் சொன்னோம். அவர் கை என் கைக்குள் எலும்பாக இருந்தது. அந்தப் பதினோரு நாளுக்கு நன்றி என்று சொல்ல வாயெடுத்தேன். அவருக்கு நினைவிருக்காது என்று விட்டுவிட்டேன். என் வீட்டுக்காரர் வாசல் கதவின் கைப்பிடியைப் பிடித்தார்.

அத்தான் பதறி ஓடி வந்து அவர் கையைப் பிடித்துக்கொண்டார்.

"இந்த வழியா வேணாம் தம்பி. பின்கட்டு வழியாப் போயிடுங்க. ஏம்மா, நீயும்தான். இத்தனை சீனங்க முன்வாசல்ல நின்னா அக்கம்பக்கத்துல என்ன நினைப்பாங்க?"